விட்டுப்போன துணைக்கால்

எனக்கு ஒரு கொலை அனுபவம் உண்டு. ஆயுதம் என் கைபேசி. செத்தவர் நான் வேலை பார்த்த பத்திரிகையின் ஆசிரியர் பார்வதி மேடம். (பதறாதீர்கள், அன்று சாயங்காலமே எனக்குக் காபி போட்டுக் கொடுத்தார்.)

மைசூரில் எந்த ஓட்டலில் தோசை நன்றாக இருக்கும், எந்தச் சபாவில் கச்சேரி, எந்தப் பார்க்கில் நடக்கலாம் என்றெல்லாம் சொல்லும் வழவழப்பான மாதப் பத்திரிகை அது. பாதி ஆங்கிலம், பாதி கன்னடம். பெயர் ‘சாயங்கால’. கடைகளில் இலவசமாகக் கிடைக்கும். பஜ்ஜி மடிக்க லாயக்கில்லாத தாள் என்று எங்கள் அம்மாவே குறைப்பட்டிருக்கிறார்.

மேடம் கொள்ளேகால் பக்கத்துத் தமிழ்க்காரர். நான் மைசூரிலேயே பிறந்தவள். கன்னடம் சரளமாகப் பேசுவேன், எழுத்துதான் தகராறு. பள்ளியில் கன்னடத்துக்குப் பதிலாக பிரெஞ்சு எடுத்த மேதாவி நான். (பிரெஞ்சில் பேச இந்த ஊரில் இதுவரை ஒருவரும் அகப்படவில்லை.) கன்னடம் எழுத வேண்டுமானால் ஆங்கில எழுத்தில் தட்டுவேன், கைபேசி மாற்றிக் கொடுப்பதை அப்படியே நம்புவேன்.

பத்தாம் ஆண்டு மலர் வந்தது. விளம்பரங்கள் குறைந்து பத்திரிகை இழுத்துக்கொண்டிருந்த நேரம். ஒரு பட்டுக்கடை முதலாளி மட்டும், “மலரைப் பார்த்துவிட்டு வருஷம் முழுக்கப் பின்னட்டையை எடுத்துக்கொள்கிறேன்” என்று சொல்லியிருந்தார். அதை விட்டால் பத்திரிகையை மூட வேண்டியதுதான். அந்த மலரில் பத்திரிகையின் வரலாற்றை எழுதும் பொறுப்பு எனக்கு.

மேடமுக்கு அப்போதுதான் கண்புரை ஆபரேஷன். ஒரு கண்ணில் பஞ்சு, மறு கண்ணில் கண்ணீர்.

“நீயே பாத்துக்க கண்ணு. எனக்கு எழுத்தெல்லாம் எறும்பாட்டந் தெரியுது” என்றார்.

அட்டையில் அவர் சிரிக்கும் படத்தைப் போட்டேன். பின்னால் மல்லிகைப் பந்தல். ஊரே ஓடும்போது நிதானமாக நடந்த பத்திரிகை என்பதால், மேலே ஒரே ஒரு வார்த்தை போதும் என்று தோன்றியது: ‘நிதான’. என் மூளையை நானே மெச்சிக்கொண்டேன்.

கன்னடத்தில் ‘நிதான’ என்றால் மெதுவாக. துணைக்காலை எடுத்துவிட்டால் ‘நிதன’. அதாவது மரணம். என் கைபேசி துணைக்காலை எடுத்துவிட்டது.

அச்சகத்தில் கட்டுகளைக் கொடுக்கும்போது, “மனச கல்லாக்கிக்கோம்மா” என்றார்கள். வேலைச் சுமைக்குச் சொல்கிறார்கள் என்று நானும் தலையாட்டிவிட்டு, கடை கடையாகப் போட்டுவிட்டு வந்தேன்.

மறுநாள் முதலில் வந்தவர் பட்டுக்கடை முதலாளி. கையில் ஆளுயர மாலை. “ஐயோ, ஏனாய்தம்மா!” என்ன ஆச்சும்மா என்று என் கையைப் பிடித்துக்கொண்டு கன்னடத்தில் அழுதார். மேடம் ஆஸ்பத்திரிக்குப் போனார் என்று கேள்விப்பட்டாராம், இப்படி ஆகும் என்று நினைக்கவில்லையாம். தன் தங்கையின் நாட்டிய அரங்கேற்றத்தைப் பற்றி மேடம் எழுதிய வரிகளை மனப்பாடமாகச் சொன்னார். பின்னாலேயே ஓட்டல்காரர், புத்தகக்கடைக்காரர், பார்க்கில் நடப்பவர்கள். ஆபீஸில் நிற்க இடமில்லை.

உள்ளறையிலிருந்து மேடம் பஞ்சும் கறுப்புக் கண்ணாடியுமாக வந்து நின்றார்.

“என்னங்க, எல்லாருமா சேந்து வந்திருக்கறீங்க? உக்காருங்க” என்றார்.

முதலாளி மாலையை எங்கே வைப்பது என்று தெரியாமல் என் கழுத்தில் போட்டுவிட்டார். சத்தியமாக. பாவம், எங்களுக்குத் தர வேண்டிய விளம்பரப் பணத்தில் அதற்குள் ஒரு நாளிதழில் மேடமுக்கு அஞ்சலி விளம்பரம் கொடுத்திருந்தார். அந்த வெட்கத்தில் பிறகு அவர் எங்கள் ஆபீஸ் பக்கமே தலைகாட்டவில்லை.

எல்லாரும் போன பிறகு நான் மேஜையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதேன். மேடம் காபியைக் கொண்டுவந்து பக்கத்தில் வைத்தார்.

“உடு கண்ணு. பத்து வருசமா இத ஒருத்தரும் படிக்கறதில்லைன்னு நெனச்சுட்டிருந்தேன். படிச்சிருக்காங்க பாரு.”

திட்டியிருந்தால் தேவலை. பத்திரிகை அதோடு நின்றது. மேடம் அந்த அட்டையைச் சட்டம் போட்டு வீட்டில் மாட்டிக்கொண்டு, வருகிறவர்களிடம் காட்டிச் சிரித்தார். நானும் சிரித்தேன். எங்கள் வீட்டிலோ நான் எதை மறந்தாலும், உப்பு வாங்க மறந்தால்கூட, “கால் விட்டுப்போச்சாடி?” என்பதுதான் அம்மாவின் கேள்வி.

போன மாதம் ஒரு காலையில் மேடத்தின் மகன் கூப்பிட்டார். தூக்கத்திலேயே போய்விட்டாராம். பழைய வாசகர்களின் வாட்ஸ்அப் குழுவில் நான்தான் செய்தி போட வேண்டும் என்றார். ஒவ்வொரு எழுத்தாகத் தட்டி, திரும்பத் திரும்பப் படித்துப் பார்த்து அனுப்பினேன்.

உடனே சிரிக்கும் பொம்மைகள் வரிசையாக வந்தன. “மறுபடியுமா!” என்றார் ஓட்டல்காரர். “இந்தத் தடவை மாலை வாங்க மாட்டேன்” என்று எழுதியிருந்தார் பட்டுக்கடை முதலாளி.

நான் அழுவது சமையலறை வரை கேட்டிருக்காது போல. போன் விடாமல் கிணுகிணுப்பதைக் கேட்டு அம்மா உள்ளேயிருந்தே குரல் கொடுத்தார்:

“என்னடி, கால் விட்டுப்போச்சா?”

“இல்லம்மா, இந்தத் தடவ சரியாத்தான் அடிச்சிருக்கேன்” என்றேன்.