பாதாளம் போய் வந்தவர்

முதலில் இவர் வென்றவற்றைச் சொல்லிவிட வேண்டும், அதுதான் மரியாதை. கண்ணை மூடாத பாம்பு காவல் காத்த தங்க ஆட்டுத்தோலை வென்றவர். ஒன்றோடொன்று மோதிக் கப்பல்களைப் பொடியாக்கும் இரண்டு பாறைகளை வென்றவர். ஒற்றைக் கண் அரக்கனின் குகையிலிருந்து, ஓர் ஆட்டின் வயிற்றைப் பிடித்துத் தொங்கிக்கொண்டே வெளியே வந்தவர். பாதாளத்தில் இறங்கி, வாசலில் கிடந்த மூன்று தலை நாயைச் சங்கிலி போட்டு மேலே இழுத்து வந்தவர். 1977 ஆகஸ்ட் கலவரத்தில், ஊரடங்கு தொடங்க முக்கால் மணி நேரமே இருக்கையில், கட்டுகஸ்தோட்டை பேக்கரியிலிருந்து இரண்டு இறாத்தல் பாணுடன் உயிரோடு வீடு சேர்ந்தவர்.

இவற்றில் கடைசி ஒன்றுதான் நடந்தது. அந்தப் பாணையும் வாங்கி வந்தது மனைவியின் தம்பி.

இந்த இனத்துக்கு ‘பாதாளம் போய் வந்தவர்’ என்று பெயர் வைக்கலாம். உங்கள் ஊரிலும் ஒருவர் இருப்பார். கிரேக்க வீரர்களைப் பற்றிப் பேசும்போது இவர் ‘அவர்கள்’ என்று சொல்ல மாட்டார், ‘நாங்கள்’ என்பார். ஹெராக்கிளிஸ் என்ற பெயரைச் சொல்லும்போது, ஒரே வாங்கில் இருந்து படித்தவனைப் பற்றிச் சொல்வது போல ஒரு சின்னச் சிரிப்பு வரும். மண்ணெண்ணெய் வரிசையில் நின்றால் அது ட்ரோய் முற்றுகை. புசல்லாவை பஸ்ஸில் இருக்கை கிடைக்காவிட்டால் அது பத்தாண்டுக் கடற்பயணம். இருக்கை கிடைத்துவிட்டால் மட்டும், அது அவருக்கு உரியது.

கண்டியில் இந்த இனத்தின் சிறந்த மாதிரி வரதராசா ஐயா. அரசாங்கக் கச்சேரியில் பிரதம லிகிதராக இருந்து ஓய்வு பெற்றவர். 1983 ஜூலைக் கலவரத்தில் அவருடைய வீதியில் பொன்னையாவின் துணிக்கடை எரிந்தபோது, இவர் மேல்மாடித் திரைச்சீலைக்குப் பின்னால் நின்றார். நின்றதில் குற்றமில்லை, அன்று நிறையப் பேர் அப்படித்தான் நின்றார்கள். மூன்றாம் நாள் கீழே இறங்கி வந்து, சாம்பலைக் கிளறிக்கொண்டிருந்த பொன்னையாவின் தோளில் கை வைத்து, “ட்ரோய் எரியேக்கையும் இப்பிடித்தான் பொன்னையா” என்று சொன்னதுதான் குற்றம்.

பொன்னையா நிமிரவில்லை. “அங்கயும் ஐயா திரைக்குப் பின்னாலதான் நின்னீங்களா?” என்று மட்டும் கேட்டார்.

அடுத்த ஆண்டு வரதராசா ஐயா ஒரு வட்டம் தொடங்கினார். மஹ்ரூப் நாநாவின் பலசரக்குக் கடைக்கு மேலே ஓர் அறை, ஞாயிறு பிற்பகல் மூன்று மணி, ஐயாவையும் சேர்த்து ஒன்பது பேர். எலூசிஸ் என்ற ஊரில் கிரேக்கர் நடத்திய மறைபொருள் வழிபாட்டை அவர் அங்கே நடத்தினார். உள்ளே வருகிறவர் பகல் முழுதும் பட்டினி இருக்க வேண்டும் என்பது விதி. விதியை வகுத்தவர் என்ற முறையில் அவருக்கு மட்டும் இரண்டு உளுந்து வடை. பிறகு பார்லித் தண்ணீரில் புதினா இலை போட்டு ஒவ்வொருவருக்கும் ஒரு மிடறு. கண்ணைத் துவாயால் கட்டி, ஜன்னலைச் சாத்தி, மணி அடித்து, கட்டை அவிழ்த்து, மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் ஒரு பொருள் காட்டப்படும். கண்டதை வெளியே சொல்வதில்லை என்று தலையில் கை வைத்துச் சத்தியம். அந்த அறையில் சத்தியம் செய்யாத நாம் சொல்லிவிடலாம்: அது ஒரு நெற்கதிர். அறுவடைக் காலம் தப்பினால், போன தடவைக் கதிரே மறுபடியும் வரும்.

ஒன்பது பேரில் எட்டுப் பேர் உத்தியோகத்தர்கள். ஒன்பதாவது ஆள் சுந்தரலிங்கம். மஹய்யாவ தொழிலாளர் லைன் வீடுகளில் உயர்தரம் சித்தியடைந்த முதல் ஆள். அச்சகமொன்றில் எழுத்துக் கோக்கும் வேலை. அவனுடைய அக்கா பத்மாதேவி ஐந்தாம் வகுப்போடு நின்றவள். தையல் கடையில் சட்டைகளுக்குப் பொத்தான் தைப்பவள். பொத்தானுக்கு எட்டுத் தடவை ஊசி போக வேண்டும் என்றால் எட்டுத் தடவை போகும், ஏழு இல்லை. வட்டத்துக்கென்று ஐயா எழுதிய கிரேக்கக் கதை நோட்ஸை ரோணியோ மெஷினில் அடித்து, ஒன்பது பிரதிகளையும் தம்பி தங்கள் வீட்டுக்குக் கொண்டு வந்தபோது, நூல் கோத்துத் தைத்துக் கொடுத்தவள் அவள்தான். தைக்கிற கையோடு ஒவ்வொரு பக்கத்தையும் வாசித்தாள். வாசிக்காமல் ஒரு தாளைத் தைக்க அவளால் முடியாது. ஒன்று மட்டும் அவளுக்கு உறுத்தியது. “எழுதினவர் பேரே இல்லியேடா இதுல?”

“பெரியவங்க பேர் போட மாட்டாங்க அக்கா.”

1985 மார்ச் 4, திங்கட்கிழமை காலையில், லைன் வீடுகளைச் சோதனை போட வந்த பொலிஸார் சுந்தரலிங்கத்தின் பெட்டியைத் திறந்தார்கள். தமிழ் வாசிக்கத் தெரிந்த சார்ஜன்ட் ஒருவர் பதினாலாம் பக்கத்தைப் பிடித்துக்கொண்டார். அந்தப் பக்கத்தில் என்ன இருந்தது என்பதை, வாலிபர்கள் இயக்கங்களில் சேரப் படகேறிப் போய்க்கொண்டிருந்த அந்த ஆண்டில் வாழ்ந்தவராக உங்களை நினைத்துக்கொண்டு கேளுங்கள். ஐம்பது வாலிபர்கள் ஓரிடத்தில் கூடினார்கள், ஒரு தலைவனைத் தெரிந்தெடுத்தார்கள், சத்தியம் செய்தார்கள், படகேறிக் கடல் கடந்தார்கள், காவலை ஏமாற்றிப் பொருளைக் கைப்பற்றித் திரும்பினார்கள். கீழே ஐம்பது பேருடைய பெயர்களும் வரிசையாக. தலைவன் பெயர் ஜேசன்.

“இந்த ஜேசன் எங்கே இருக்கிறான்?” என்று கேட்டார்கள். சுந்தரலிங்கம், அவன் செத்து மூவாயிரம் வருஷம் என்றான். அதற்கு ஓர் அறை விழுந்தது. இதை எழுதியது யார் என்று கேட்டார்கள். அந்தப் பெயரை அவன் சொல்லவில்லை, ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனார்கள்.

புதன்கிழமை கம்பிக்கு அப்பால் பத்மாதேவி அவனைப் பார்த்தாள். இடது காது வீங்கியிருந்தது. அடுத்த வாரம் வெள்ளிக்கிழமைக்குள் எழுதியவர் யாரென்று தெரியாவிட்டால், தெற்கே பெரிய தடுப்பு முகாமுக்கு அனுப்பிவிடுவார்களாம். அங்கே போனவர்களில் திரும்பி வந்தவர் எத்தனை பேர் என்று மஹய்யாவயில் எல்லாருக்கும் தெரியும்.

“சொல்லித் தொலையேன்டா.”

“சத்தியம் பண்ணிருக்கேன் அக்கா.”

“அந்த ஆளுக்காகவா?”

“அவருக்காக இல்ல. பண்ணது பண்ணதுதானே.”

அவள் நேரே வரதராசா ஐயாவின் வீட்டுக்குப் போனாள். அவருடைய மனைவி கமலாசனி கதவைத் திறந்து, உள்ளே பார்த்து, “உங்களைத்தான், அந்தப் பெடியன்ர தமக்கை வந்திருக்கு” என்றார். ஐயா கழுத்தில் மப்ளரோடு வந்து கதிரையில் இருந்தார். அடுப்படியிலிருந்து கடதாசி எரியும் மணம் வந்தது. அந்த வாரம் கண்டியில் எட்டு அடுப்புகளில் அதே மணம்.

“ஐயா, இது என் நோட்ஸ், கிரேக்கக் கதைன்னு ஒரு வரி எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுத்தீங்கன்னா போதுங்க. தம்பிய விட்டுருவாங்க.”

“பிள்ளை, நீர் கேக்கிறது லேசான விசயமில்லை. தீட்சை எண்டு ஒண்டு இருக்கு. கண்டதை வெளியில சொல்லப்படாது.”

“உள்ள காட்டினதத்தாங்க சொல்லக்கூடாது. யாரு போனாங்க வந்தாங்கங்கிறது ரகசியம் இல்லீங்களே. ஊர்வலம் பட்டப்பகல்ல போச்சு, ஏதென்ஸே ரோட்டோரத்துல நின்னு பாத்துச்சுன்னு நீங்கதான் எழுதியிருக்கீங்க. இருபத்திரண்டாம் பக்கம்.”

ஐயா மப்ளரை ஒரு சுற்று இறுக்கினார்.

“அது வேற, இது வேற. உமக்கு விளங்காது.”

“எனக்கு வெளங்க வேணாங்க. பொலிசுக்கு வெளங்கினாப் போதும்.”

“பாரும், சுந்தரலிங்கத்துக்கு இது ஒரு சோதினை. வீரன் எண்டால் பாதாளத்துக்கு இறங்கத்தான் வேணும். தனியத்தான் இறங்க வேணும். நாங்களெல்லாம் அப்பிடித்தான்...”

“எங்கண, மூண்டரைக்கெல்லே புசல்லாவை பஸ்?” என்று கமலாசனி உள்ளிருந்து நினைவூட்டினார். “பெட்டி அடுக்கியாச்சு.”

நெஞ்சுச் சளிக்குப் புசல்லாவைக் குளிர் நல்லதாம். தோட்டமொன்றில் பெரிய கிளாக்கராக இருந்த சிநேகிதர் வீட்டில் ஐயா அன்றைக்கே குடியேறினார். மற்ற ஏழு உத்தியோகத்தரிடமும் பத்மாதேவி போனாள். ஏழு பேருக்கும் சத்தியம் நன்றாக நினைவிருந்தது. வட்டம் எங்கே நடந்தது என்பதுதான் மறந்துபோயிருந்தது. கையெழுத்தோ சாட்சியோ இல்லாமல், ஐயாவின் பெயரை அவள் போய்ச் சொன்னால் பொலிஸில் யார் நம்புவார்கள்?

நோட்ஸை எழுதியவர் வரமாட்டார் என்றால், அந்தக் கதையை அவருக்கு முன்பே வேறு யாராவது எழுதியிருக்க வேண்டுமே. பத்மாதேவி யோசித்தது அவ்வளவுதான். அதற்கு ஐந்தாம் வகுப்பு போதும். அவள் கடைக்குப் போய் மஹ்ரூப் நாநாவிடம் பதினாலாம் பக்கத்தை மனப்பாடமாகச் சொன்னாள்.

மஹ்ரூப் நாநா சீனி நிறுப்பதை நிறுத்தினார். “இருங்க புள்ள. கப்பல்ல போய் ஆட்டுத்தோல் எடுக்கிற கதையா? அது எங்கட பக்கத்து வீட்டு நோனாட மகள் சோதனைக்குப் பாடமாக்கிற புஸ்தகத்தில ஈக்கே. நாள் முழுக்க சிங்களத்தில சத்தம் போட்டுப் படிக்கிற. கேட்டுக் கேட்டு எனக்கும் பாடம்.”

வியாழக்கிழமை, மார்ச் 14, கடையைப் பூட்டிவிட்டு அவர் அந்தச் சிங்களப் பாடப் புத்தகத்தைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு பத்மாதேவியோடு பொலிஸுக்குப் போனார். நடுவில் இரண்டு சோதனைச் சாவடி. இரண்டிலும் அவள் கைப்பையைக் கொட்டிக் காட்டினாள்: ஊசிப் பெட்டி, நூற்கட்டை, அடையாள அட்டை. சாவடிகளில் நாய் எதுவும் இல்லை; தலைகள் மட்டும் மூன்று மூன்று இருந்தன.

இன்ஸ்பெக்டர் ஒரு பக்கம் வாசித்தார். பிறகு உட்கார்ந்து மூன்று பக்கம் வாசித்தார். சார்ஜன்டைக் கூப்பிட்டு, இரண்டு பட்டியலையும் பெயர் பெயராக ஒப்பிட வைத்தார். முப்பத்தேழு பெயர்கள் ஒத்துப்போயின. மற்றப் பதின்மூன்று பேரைத் தேடுவதா என்று சார்ஜன்ட் கேட்டபோது, இன்ஸ்பெக்டர் அவரை வெளியே போகச் சொன்னார். புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்குமுன் சிங்களத்தில் ஏதோ கேட்டார். மஹ்ரூப் நாநா மொழிபெயர்த்தார்: “கடைசியில அந்தத் தோல் கெடச்சதாண்டு கேக்கிறார்.”

“கெடச்சிச்சுன்னு சொல்லுங்க நாநா. ஆனா பாம்பத் தூங்கவச்சு எடுத்துக் குடுத்தது ஒரு பொம்பளன்னும் சொல்லுங்க.”

பிணைக் கடதாசியில், நீட்டி நிறுத்தி, முழுப் பெயரும் வீட்டிலக்கமும் எழுதிக் கையெழுத்திட்டவர் மஹ்ரூப் நாநா. அடுத்த நாள், கெடு வைத்த அதே வெள்ளிக்கிழமை, சுந்தரலிங்கம் வெளியே வந்தான். நோட்ஸையும் முத்திரை குத்தித் திருப்பிக் கொடுத்தார்கள். இடது காது இன்றுவரை சரியாகக் கேட்பதில்லை.

ஐயாவின் சளியும் அந்த வெள்ளியே குணமானது. ஞாயிற்றுக்கிழமை கடைக்கு மேலே உத்தியோகத்தர் எட்டுப் பேரும் கூடியபோது அவர் சொன்ன கதையைக் கீழே சீனி நிறுத்துக்கொண்டிருந்த மஹ்ரூப் நாநா முழுவதும் கேட்டார். “இறங்கினம். நாய் குரைச்சுது. நாங்கள் திரும்பிப் பார்க்கேல்லை. பெடியனை வெளியில கொண்டுவந்திட்டம்.” எப்படி என்று ஒருவர் கேட்டாராம். அதைச் சொல்லக்கூடாது என்று விரலை உதட்டில் வைத்தாராம்.

இதுவரை வாசித்துவிட்டு, இவர் யாரென்று உங்களுக்குத் தெரிந்துவிட்டது என்று சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். சிரித்து முடித்ததும் ஒன்றைச் செய்து பாருங்கள். அந்த ஆண்டுகளில் நடந்த எதையாவது பற்றி நீங்கள் சொல்லும் கதையை எடுத்து, அதிலுள்ள ‘நாங்கள்’ எல்லாவற்றையும் அடித்துவிட்டு, உண்மையில் நடந்து போனவரின் பெயரை எழுதுங்கள். உங்கள் பெயர் எத்தனை இடத்தில் மிஞ்சுகிறது? ஓரிடத்திலாவது மிஞ்சினால் நல்லது. மிஞ்சாவிட்டால், கழுத்தில் மப்ளர் இருக்கிறதா என்று ஒருமுறை தடவிப் பாருங்கள்.

மூன்று ஆண்டுக்குப் பிறகு நோட்ஸ் புத்தகமாக வந்தது. அட்டையில் ஐயாவின் பெயர் தலைப்பைவிடப் பெரிதாக இருந்தது. வெளியீட்டு விழாவில் மேசையில் இருந்து கையெழுத்திட்டுக் கொடுப்பார் என்று அறிவித்ததும், பத்மாதேவி எல்லாருக்கும் முன்னால் போய் நின்றாள். அவள் நீட்டியது புதுப் புத்தகத்தை அல்ல. தான் தைத்த பழைய ரோணியோப் பிரதியை. பதினாலாம் பக்கம் திறந்திருந்தது; ஓரத்தில் பொலிஸ் முத்திரை. “இங்க போடுங்க ஐயா. திகதியும் போடுங்க.” ஐயா முகத்தையும் பார்க்கவில்லை, தாளையும் பார்க்கவில்லை, புகைப்படக்காரரைப் பார்த்துக்கொண்டே, வால் நீட்டிச் சுழித்து, ஐம்பது பெயர்களுக்கும் கீழே தம் பெயரை எழுதினார். தாம் எழுதியவற்றில் அவர் முதன்முதலாகக் கையெழுத்திட்டது 1988 ஜூன் 12, ஞாயிற்றுக்கிழமை.