உள்ளது அண்ணாச்சிக்குப் பெண் பார்த்த கதை

எதிர் மேசைக்காரரைப் பற்றி ஆபீஸுக்கே தெரிந்த விஷயம் தெரியாமல், அவருக்கு நான் பெண் பார்க்கப் போனேன். இலக்கியக் கூட்டங்களில் 'மனித மனத்தின் ஆழம்' பற்றிப் பேசுகிறவன் நான் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

நெல்லைச் சீமையில் பொய் சொல்லத் தெரியாத ஒரே ஆள் அவர்தான். உவரி ஊர்க்காரர். பட்டப்பெயர் 'உள்ளது அண்ணாச்சி'. தானாக வாய் திறக்கமாட்டார், கேட்டால், "உள்ளதச் சொல்லட்டா?" என்பார். மேலாளர் தம் மகளின் பாட்டைப் பற்றிக் கேட்டார். "ஆஸ்பத்திரிப் பக்கம் பாட விட்றாதீங்க" என்றார் அண்ணாச்சி. அன்றிலிருந்து மேலாளர் யாரிடமும் எதையும் கேட்பதில்லை.

ஐம்பதை நெருங்கியும் ஒண்டிக்கட்டையாக இருக்கிறாரே என்று எனக்குத்தான் தூக்கம் கெட்டது. முக்கூடலில் நல்ல பலகாரம் கிடைக்கும் என்று ஏமாற்றி அழைத்துப் போனேன். காரை ஓட்டியவர் ஞானம். அண்ணாச்சி வீட்டிலேயே இருப்பவர். "நீரு வண்டியிலயே இரும்" என்று உத்தரவு போட்டதும் நான்தான்.

பெண் வீட்டில் சொஜ்ஜியைப் பார்த்ததுமே அண்ணாச்சிக்குப் புரிந்துவிட்டது. என்னை ஒரு முறை முறைத்தார். பெண்ணின் தகப்பனார் வழக்கப்படி கேட்டார்:

"மாப்பிள்ளைக்கு உடம்புக்கு ஏதும் உண்டா?"

"உள்ளதச் சொல்லட்டா?"

என் பஜ்ஜி பாதி வழியில் நின்றது.

"எச்.ஐ.வி. உண்டு. தெனமும் மாத்திரை போடுதேன். ரத்தத்துல கிருமி தட்டுப்படவே இல்லன்னு டாக்டர் சொல்லுதாரு. அதுபோக, எனக்குப் பொண்ணு வேண்டாம். வண்டியில இருக்காரே ஞானம், அவருகூடத்தான் வருசக்கணக்கா குடித்தனம்."

தகப்பனார் முறுக்கைக் கடிக்க மறந்தார். தாயாரின் பார்வை அண்ணாச்சி குடித்த டம்ளர் மேல் போனது. கையும் பைய நீண்டது. ஒரு நல்ல மனிதரைத் தெருவில் நிறுத்தி அவமானப்படுத்தப் போகிறார்கள், அதற்கு ஏற்பாடு செய்தவன் நான் என்று பதறினேன்.

டம்ளரை முந்தி எடுத்தது பெண். அதிலேயே காப்பியை நிறைத்து அவரிடம் நீட்டினாள்.

"என்னட்டி செய்யுத?" என்றார் தாயார்.

"கேட்டதுக்கு உள்ளதச் சொன்ன மொத மாப்பிள்ளை இவுகதாம்மா. போன தடவ வந்தவன் குடியே கெடையாதுன்னுட்டு நம்ம வாசல்லயே வாந்தியெடுத்தான்."

பிறகு வாசலுக்குப் போய், "வெயில்ல ஏன் இருக்கீங்க? உள்ள வாங்க" என்றாள். ஞானம் கூச்சத்தோடு வந்து அண்ணாச்சி பக்கத்தில் உட்கார்ந்தார். தகப்பனார் கொஞ்சம் யோசித்துவிட்டு, முறுக்குத் தட்டை இருவருக்கும் நடுவில் நகர்த்தினார்.

திரும்பும்போது, "ஏன் வே எங்கிட்ட சொல்லல?" என்றேன்.

"நீரு கேக்கல்லியே."

பாளையங்கோட்டை வந்தது. நான் இறங்கும்போது அண்ணாச்சி என் தோளில் கை வைத்தார். "ஞாயித்துக்கெழம சீலாமீன் கொழம்பு. வாரும்."

"கட்டாயம் வாங்க" என்றார் ஞானம். "பொண்ணு யாரையும் கூட்டிட்டு வந்துராதீங்க."