உடும்புக்குக் கிடைத்த பரிசுத் துண்டு

தொண்டை பெரிதாக இருந்தால் கதையும் பெரிதாகிவிடும் என்று நம்பிய அறிவாளி நான். படங்கள் பேசாத அந்தக் காலத்தில், டென்ட் கொட்டகையில் திரைக்குப் பக்கத்தில் நின்று தகரக் குழலில் கதை சொல்வது என் வேலை. (வேலை என்று நான்தான் சொல்லிக்கொண்டேன். வீட்டில் அதற்கு வேறு பெயர்.)

அவனியாபுரத்தில் கொட்டகை போட்டபோது ஒரு வெள்ளைக்காரப் படம் வந்தது. பனைமர உயர உடும்பு ஒன்று பட்டணத்துக்குள் புகுந்து வீடுகளை மிதிக்கிறது. சனம் பாதியில் எழுந்து போனால், மறுநாளே நான் மாமாவின் மளிகைக் கடைக்குப் புளி நிறுக்கப் போய்விடலாம் என்று முதலாளி சொல்லிவிட்டார். ஆகவே கர்ஜித்தேன். உடும்பு கர்ஜிக்குமா என்றெல்லாம் யோசிக்கவில்லை. பிள்ளைகள் அலறின, பெரியவர்கள் கொட்டாவி விட்டார்கள். பூதக் கதைக்கு இதற்கு மேல் என்ன வேண்டும் என்று இன்னும் உறுமியதில் தொண்டை கட்டிக்கொண்டது.

ரீல் மாற்ற விளக்குப் போட்டார்கள். நாலு பேர் எழுந்துவிட்டார்கள். முன்னால் மணலில் உட்கார்ந்திருந்த, சல்லிக்கட்டுக் காளை வளர்க்கும் ஒருவர் கேட்டார்:

"தம்பி, இம்புட்டுக் கத்துறியே, அது எதுக்கு ஊருக்குள்ள வந்துச்சுன்னு சொல்லவே இல்லையே?"

எனக்கு எப்படித் தெரியும்? மிச்சமிருந்த குரலில், துக்கம் விசாரிப்பதுபோல் சொன்னேன்:

"அது தண்ணி குடிச்ச கண்மாய மூடித்தாண்ணே இவங்க வீடு கட்டிட்டாங்க."

எழுந்தவர்கள் உட்கார்ந்தார்கள். அந்த வருஷம் அவர்கள் கண்மாயும் வறண்டு கிடந்தது. அதன்பின் உடும்பு வீடு வீடாகத் தண்ணீர் தேடியது. பிள்ளைகள் அழுகையை நிறுத்த, பெரியவர்கள் தொடங்கினார்கள். கடைசியில் பீரங்கியால் அதைச் சுட்டு வீழ்த்தியதும் காளைக்காரர் எழுந்து தீர்ப்புச் சொன்னார்:

"தூரத்துல நின்னு சுட்டா அது பிடிச்சதாகாது. உடும்பு செயிச்சிருச்சு."

சல்லிக்கட்டில் பிடிபடாத காளைக்குப் பரிசு உண்டு, வாங்குவது வளர்த்தவர். உடும்புக்கு அப்படி யாரும் இல்லாததால் காளைக்காரரின் தோள் துண்டையே பரிசுத் துண்டாக என் தலையில் கட்டி, என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு கொட்டகையைச் சுற்றி வந்தார்கள். முதலாளியும் கை தட்டிக்கொண்டே பின்னால் வந்தார். அன்று எனக்கு வந்த பெருமை இன்னும் இறங்கவில்லை.

அந்தக் காளைக்காரர்தான் பிற்பாடு என் மாமனார். கூத்துக்காரனுக்கா பெண் என்று சொந்தம் முறுக்கிக்கொண்டபோது, உடும்புக்கே இம்புட்டு இரங்குகிறவன் பெண்ணை அழ விடமாட்டான் என்று சொல்லி அடக்கினாராம். இன்றும் வீட்டுக்கு யார் வந்தாலும் என் மனைவி காப்பியோடு இதையும் கொடுக்கிறாள்:

"எங்கய்யா என்னைய இவருக்கா குடுத்தாரு? அந்த உடும்புக்குல்ல குடுத்தாரு."