கைகட்டி அண்ணையின் ஒரேயொரு புள்ளி

டென்மார்க் முழுவதையும் சல்லடை போட்டுத் தேடினாலும், ஐம்பத்திரண்டு வயதில் கேலிக் ஃபுட்போல் ஆடத் தொடங்கிய இன்னொரு தமிழன் அகப்படமாட்டான். அகப்பட்டாலும் தயவுசெய்து எனக்குச் சொல்லாதீர்கள். அவனையும் நான்தான் காரில் ஏற்றிப்போக வேண்டிவரும்.

நானும் கைகட்டி அண்ணையும் ஓகூஸ் நகரில் ஒரே வேர்ஹவுஸில் பெட்டி தூக்குகிறவர்கள். எங்களோடு வேலைசெய்த அயர்லாந்துக்காரன் ஒருவன் தன் நாட்டு ஆட்டமான இந்தக் கேலிக் ஃபுட்போலுக்கு ஆள் சேர்த்தான். ஓர் ஆள் குறைந்தது. ஊரில் பந்தடித்த பெருமையைத் தேநீர் இடைவேளைதோறும் அவிழ்த்துவிடுகிற அண்ணை மாட்டிக்கொண்டார். அவரிடம் கார் இல்லை, என்னிடம் இருந்தது. கிழமை முழுக்க முறிகிறவனுக்கு மிஞ்சிய ஒரு ஞாயிறும் அன்றோடு போனது.

அந்த ஆட்டத்தில் பந்தைக் கையாலும் பிடிக்கலாம், காலாலும் அடிக்கலாம். குறுக்குக் கம்பத்துக்கு மேலால் போனால் ஒரு புள்ளி, கீழால் வலைக்குள் போனால் மூன்று. அண்ணைக்கு எல்லாம் விளங்கியது. அவருடைய கைகளுக்குத்தான் விளங்கவில்லை. பந்து கையில் பட்டால் குற்றம் என்று யாழ்ப்பாணத்தில் பழகிய உடம்பு அது. பந்து வந்தவுடன் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு, பள்ளிக்கூடம் பார்க்க வந்த அதிகாரிபோல நிற்பார்.

"பிடியுங்கோ அண்ணை!" என்று கரையிலிருந்து கத்துவேன்.

"நான் என்ன செய்ய? கை தன்ரபாட்டிலை பின்னாலை போகுதடா!"

பெயர் அப்படி வந்ததுதான். அயர்லாந்துக்காரர்களும் அதையே கூப்பிட்டார்கள். அவருடைய பாஸ்போர்ட்டிலும் கைகட்டி என்றுதான் இருக்கிறதென்று இன்றைக்கும் நம்புகிறார்கள்.

மூன்று வருடம். மழையிலும் காற்றிலும் பிளேன்டீ பிளாஸ்கோடு நின்று எனக்குச் சீ என்று போய்விட்டது.

"எப்ப அண்ணை விடப்போறியள்?"

"ஒரு புள்ளி எடுத்தவுடனை விட்டிடுறன்டாப்பா. ஒண்டே ஒண்டு."

அந்த ஒன்றுக்காக நான் மாதாவுக்கு மெழுகுதிரிகூட நேர்ந்தேன். போன மாதம் அவருடைய முழங்கால் வீங்கியது. இனி ஓடவே கூடாதென்று டாக்டர் சொல்லிவிட்டார்.

"ஞாயிறு ஒரு மட்ச் இருக்கு தம்பி. அதோடை சரி" என்றார்.

அன்றைக்கு ஆட்டம் முடிகிற நேரம் பந்து உயரத்திலிருந்து அவரை நோக்கி வந்தது. கைகள் பழையபடி பின்னால் போயின. பிறகு ஒரு கை முன்னால் வந்தது. மற்றதும் வந்தது. பிடித்துவிட்டார்! நொண்டிக்கொண்டே நாலு எட்டு வைத்து அடித்தார். பந்து கம்பத்துக்கு மேலால் பறந்தது.

அண்ணை தலையில் கைவைத்துக்கொண்டு புல்லில் குந்திவிட்டார்.

"ஐயோ, மேலாலை போட்டுதே!"

"அண்ணை, இது ஊர் இல்லை! மேலாலை போனாத்தான் புள்ளி!"

கம்பத்தடியில் நின்ற நடுவன் புள்ளிக்கு அடையாளமான வெள்ளைக்கொடியைத் தூக்கினான். அதைப் பார்த்து அண்ணை விக்கி விக்கி அழுதார். நானும் அழுதேன். காற்றுக்குக் கண் கலங்குது என்று சமாளித்தேன். அந்த மட்சில் படுதோல்வி. யாருக்குக் கவலை?

அடுத்த ஞாயிறு எனக்கு விடுதலை. மத்தியானம்வரை நித்திரை கொள்ளத் திட்டம். ஏழு மணிக்கே முழித்து, இரண்டு பேருக்குப் பிளேன்டீ ஊற்றிவிட்டேன். அந்த மனிசன் இல்லாத ஞாயிறு எனக்குச் சரிவரவில்லை. அவர் வீட்டு வாசலில் காரை நிறுத்திப் போன் எடுத்தேன்.

"அண்ணை, உங்கட புள்ளி செல்லாதாம். வெளிக்கிடுங்கோ."

"டேய், என்னாலை ஓட ஏலாதடா."

"ஓட வேண்டாம். கரையிலை என்னோடை நிண்டாக் காணும்."