மாதுளை விற்று வாங்கப்போகும் மனை

காபெஸ், ஷெனினித் தோப்பு
வியாழக்கிழமை, அஸர் தொழுகைக்குப் பின்

ஸ்ஃபாக்ஸ் பட்டணத்தில் எண்ணெய்க் கடைக்கு மேல்மாடியில் சௌகரியமாக வசித்துவருபவரும், இரண்டு முறை ஹஜ் செய்து திரும்பியவரும், என் மகள் ஹயாத்தின் மாமியாருமாகிய மதிப்பிற்குரிய சம்பந்தி ஹாஜா ஸக்கியா அவர்களுக்கு, மப்ரூகா ஸலாம் சொல்லி எழுதிக்கொள்வது. இறைவன் கருணையால் இங்கே நானும் கோழிகளும் நலம். அங்கே தங்கள் முழங்கால், தங்கள் மகன், தாங்கள் யாரையும் தொடவிடாத அந்தப் புது ஃப்ரிட்ஜ் ஆகிய அனைவரும் நலமாயிருக்க துஆ செய்கிறேன்.

போனிலேயே சொல்லியிருக்கலாமே, எதற்குக் கடிதம் என்று தாங்கள் நினைக்கலாம். போனில் கேட்டுப் பார்த்தேனே. "ஹாஜா, என் மாதுளை எங்கே?" என்றேன். "எந்த மாதுளை? ஹலோ? ஹலோ? உங்க ஊர்ல சிக்னலே கிடையாதா?" என்று வைத்துவிட்டீர்கள். கடிதத்தை அப்படி வைக்க முடியாது. உங்கள் கண் சரியில்லை என்பதால் ஹயாத்தான் இதைப் படித்துக்காட்டுவாள். ஹயாத், சத்தமாகப் படி, உன் மாமியாருக்குப் பயந்து நடுவில் ஒரு வார்த்தையையும் விழுங்காதே. எழுத்து கோணலாக இருந்தால் முதியோர் வகுப்பு டீச்சரைத்தான் திட்ட வேண்டும். பாதியில் கல்யாணம் செய்துகொண்டு போய்விட்டாள்.

விஷயம் இதுதான். நேற்று ஆட்டத்தில் நான் உங்கள் முன்னால் இடுப்பு வரைக்கும் குனிந்து வணக்கம் வைத்தேன் அல்லவா? அது செல்லாது. அதைத் திருப்பி எடுத்துக்கொள்கிறேன். விரல் தவறிப் பட்டதால் நடந்தது அது.

ஹயாத்துக்கு முழுக்கதையும் தெரியாது. அவள் மகளைப் பற்றிய விஷயம் என்பதால் நடந்ததை நடந்தபடி சொல்கிறேன். நர்ஸ் வேலைக்கென்று ஜெர்மனிக்குப் போன நம் பேத்தி நூஹா, போனில் பேசினால் பாட்டிகள் இருவரும் "நல்லாயிருக்கேன், சாப்பிட்டியா" என்பதற்கு மேல் எதுவும் பேசுவதில்லை என்று சொல்லி, போன ரமலானுக்கு வந்தபோது எனக்கும் உங்களுக்கும் ஆளுக்கொரு தொடுதிரை டேப் வாங்கிக் கொடுத்து அதில் அந்தத் தீவு ஆட்டத்தைப் போட்டுவிட்டுப் போனாள். ஒரு பெரிய தீவு, அதில் மூன்று கிராமம். என் கிராமத்தில் மாதுளை, உங்கள் கிராமத்தில் பேரிக்காய், துறைமுகத்துப் பக்கம் நூஹாவின் வீடு. டியூட்டி முடிந்து வந்து, ஒரு காபி குடித்து முடிக்கிற நேரம், அவள் தன் வீட்டு வாசல் பெஞ்சில் உட்காருவாள். அவ்வளவுதான் நமக்குக் கிடைப்பது. என் வீடு தீவின் மறுகோடியில். நான் ஓடி, ஓடையைச் சுற்றிக்கொண்டு, வழியில் நிற்கிற மரத்திலெல்லாம் முட்டிக்கொண்டு போய்ச் சேரும்போது அவள் காபி முடிந்துபோயிருக்கும். "வந்துட்டீங்களா பாட்டி, நான் தூங்கப் போறேன்" என்பாள். அவள் வீட்டுக்கு இடப்பக்கம் பாறை, பின்னால் கடல். வலப்பக்கம் ஒரே ஒரு காலி மனை. அதை வாங்குகிறவர் அவளுக்குப் பக்கத்து வீட்டுக்காரர். எனக்கு அந்த மனை வேண்டும். உங்களுக்கும் அது வேண்டும் என்று எனக்குத் தெரியும். உங்கள் கண்ணில் எது பட்டாலும் உங்களுக்கு வேண்டும். ஹயாத் கல்யாணத்தில் என் வெள்ளித் தட்டைப் பார்த்த பார்வையை நான் மறக்கவில்லை.

மனைக்குக் காசு வேண்டும். ஆட்டத்தில் மீன் பிடித்தும் சம்பாதிக்கலாம், ஆனால் மீன் கடிக்கும்போது சட்டென்று அழுத்த வேண்டும், என் விரலுக்கு அந்த வேகம் வராது. பழம் அப்படியில்லை. பழம் காத்திருக்கும். பழ மரத்தைப் பற்றி எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம் என்று நினைத்து, நம் தோப்பில் எப்படியோ அப்படியே நட்டேன்: மேலே நிழலுக்குப் பேரீச்ச மரம், அதன் காலடியில் மாதுளை, மாதுளைக்குக் கீழே பசும்புல். நூறு தலைமுறையாக ஷெனினியில் அப்படித்தான். ஒரு கன்றும் ஒரு விரல்கூட வளரவில்லை. நூஹாவிடம் கேட்டால், "பாட்டி, மரத்துக்கு மரம் இடம் விடணும், இல்லேன்னா இந்த ஆட்டத்துல வளராது" என்கிறாள். இந்த ஆட்டத்தைச் செய்தவன் தோப்பையே பார்க்காதவன். இருந்தாலும் எல்லாவற்றையும் தோண்டி எடுத்து, பட்டாளத்துச் சிப்பாய்கள் மாதிரி வரிசையாகத் திரும்ப நட்டேன். காய்த்தது. கூடை நிறையப் பறித்துக்கொண்டு கடைக்குப் போனால், கடைக்காரன் ஓர் ஆமை. கோட்டு போட்ட ஆமை. அது சொன்ன விலை எச்சில் துப்புகிற விலை. நான் என்ன செய்வேன், ஜாரா சந்தையில் செய்வதைத்தான் செய்தேன்: கூடையைத் தூக்கிக்கொண்டு, முகத்தைத் திருப்பிக்கொண்டு நடந்தேன், கூப்பிடட்டும் என்று. கூப்பிடவில்லை. கதவு வரைக்கும் மெதுவாகப் போனேன். கூப்பிடவில்லை. வெளியே போய் நின்றேன். மாவு பிசைந்துவிட்டு வந்து பார்க்கிறேன், நான் அங்கேயே கூடையோடு நிற்கிறேன், ஆமை உள்ளே கடையைச் சாத்தியிருக்கிறது. அந்த ஆமையை நான் மன்னிக்கப் போவதில்லை.

பிறகு நூஹா சொல்லித்தான் தெரிந்தது: அந்தந்த ஊர்ப் பழத்துக்கு அந்தந்த ஊரில் மதிப்பில்லை, வெளியூர்ப் பழம் என்றால் ஐந்து மடங்கு. அதாவது என் மாதுளைக்கு என் ஆமையிடம் மதிப்பில்லை, உங்கள் ஆமையிடம் தங்க விலை. உங்கள் கடை வாசலை நான் மிதிப்பதா, பரவாயில்லை என்று, கிடைக்கிற குறைந்த விலைக்கே விற்று விற்று, மரத்துக்கு மேல் மரம் நட்டு, மனைக் காசில் முக்கால்வாசி சேர்த்துவிட்டேன். கிண்ணத்தில் கொண்டைக்கடலை லப்லாபி ஆறிப்போனாலும் சரி, வாசலில் பால்காரன் கத்தினாலும் சரி, அறுவடை தப்பியதில்லை. பக்கத்து வீட்டு ஸுஹ்ரா, "பாட்டி, பொய்ப் பழத்துக்கு இவ்வளவு பாடா?" என்றாள். "நீ டிவி நாடகம் பாத்து அழறியே, அந்தக் கண்ணீர் மட்டும் உண்மையா?" என்றேன்.

அப்போதுதான் பழம் காணாமல் போக ஆரம்பித்தது. முதல் நாள் இரண்டு வரிசை. மறுநாள் மூன்று வரிசை. நூஹா போனில், "பாட்டி, உங்க கேட் திறந்தே இருக்கு. சாத்துங்க. யாரு வேணா வந்து பறிச்சிட்டுப் போயிடுவாங்க" என்றாள்.

"அறுவடை சமயத்துல தோப்புக் கதவைச் சாத்துறதா? நம்ம குடும்பத்துல அந்த அசிங்கம் நடந்ததே இல்ல."

"இது ஆட்டம் பாட்டி!"

"ஆட்டத்துல மட்டும் நான் கஞ்சப் பிசினாறியா?"

வழிப்போக்கர் நின்று தின்னலாம், வயிறு நிறையத் தின்னலாம், அது அவர் பங்கு. மடியில் கட்டிக்கொண்டு போகக்கூடாது. இது எங்கள் ஊரில் தவழ்கிற குழந்தைக்கும் தெரியும். கேட்டைச் சாத்தாமல், டேப்பை மாவுச் சட்டிக்கு முட்டுக் கொடுத்து நிறுத்திவைத்துக் காவல் இருந்தேன். ஊதாத் தொப்பி போட்ட ஓர் உருவம் உள்ளே வந்தது. நின்று தின்றதா? ஒரு பழம் தின்னவில்லை. மரம் மரமாக உலுக்கியது, கூடையை நிரப்பியது. தலைக்கு மேல் பெயர் எழுதியிருந்தது. எழுத்துக்கூட்டிப் படித்தேன். ஹா. ஜா. ஸக். கியா.

மாவுக் கையோடு டேப்பைப் பிடித்தேன். கையை ஓங்கத்தான் பார்த்தேன். ஆனால் இந்த ஆட்டத்தில் கையை ஓங்க வழியில்லை, திட்ட வழியில்லை. குனியலாம், கைதட்டலாம், ஆடலாம், அவ்வளவுதான். எதையோ அழுத்தினேன், என் உருவம் உங்களுக்குக் குனிந்தது. நீங்கள் என்ன செய்தீர்கள்? கைதட்டினீர்கள்! என் பழத்தைக் கூடையில் வைத்துக்கொண்டு எனக்குக் கைதட்டினீர்கள். அதன் பிறகு நீங்கள் ஓட, நான் துரத்த, துறைமுகம் வரைக்கும் போய், நூஹா வீட்டு வாசலில் உங்களை மடக்கினேன். பிள்ளை அப்போதுதான் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். என் கோபத்தைக் காட்ட அழுத்தினால் என் உருவம் இடுப்பை ஆட்டி ஆடுகிறது. நான் ஆட ஆட நீங்கள் கைதட்ட, நீங்கள் கைதட்டக் கைதட்ட நான் இன்னும் ஆட, வழியில் போன முயல் ஒன்று நின்று வேடிக்கை பார்த்தது. நூஹா எழுந்து உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். தூக்கம் வந்திருக்கும், பாவம்.

இதெல்லாம் எனக்குப் புதிதல்ல, சம்பந்தி. ஹயாத்தின் மருதாணி இரவுக்கு, மருதாணி விளைகிற காபெஸுக்கே பெட்டியில் அடைத்த மருதாணி கொண்டுவந்தவர் நீங்கள். உங்கள் ஊர் வழக்கப்படி மணமக்கள் தாண்டுவதற்குத் தரையில் ஒரு விரல்நீள மீன் வைத்தீர்கள், அதை என் மகள் குனிந்து தேடித்தான் தாண்டினாள். அன்று "மீனுக்கென்ன சம்பந்தி, தாண்டுறதுக்குத்தானே, திங்கிறதுக்கா?" என்று கேட்டீர்கள். எந்தப் பக்கம் திரும்பி நின்று கேட்டீர்கள் என்பதுகூட எனக்கு ஞாபகம் இருக்கிறது. இப்போது பேத்தியையும் உங்கள் பக்கம் தாண்ட வைக்கலாம் என்று நினைத்தால், அது நடக்காது. இன்னும் ஓர் அறுவடைதான் பாக்கி. நாளைக் காலையில் பழம் பழுக்கும், நாளைக் காலையிலேயே அந்த மனை என்னுடையது. கேட் திறந்துதான் இருக்கும். வாருங்கள், நின்று தின்னுங்கள். கூடையோடு வந்தால், ஆடியே உங்களைத் தீவின் ஓரத்துக்குத் தள்ளுவேன்.

இறைவன் தங்கள் ஆயுளை நீட்டி, முழங்கால் வலியைக் குறைத்து, ஆசையையும் கொஞ்சம் குறைக்கட்டும். மாப்பிள்ளைக்கு என் அன்பு. இந்தக் கடிதத்தோடு ஹயாத்துக்கு ஹரிஸ்ஸா மிளகாய் விழுது ஒரு ஜாடி, உங்கள் ஊருக்கு ஆள் ஏற்றி வருகிற லூவாஜ் வண்டிக்காரனிடம் கொடுத்தனுப்புகிறேன், ஜாடி ஹயாத்துக்கு.

இப்படிக்கு,
மாதுளைக்குச் சொந்தக்காரி,
மப்ரூகா

பின்குறிப்பு, வெள்ளிக்கிழமை காலை: வண்டி கிளம்பும் நேரம், அதனால் சுருக்கமாக எழுதுகிறேன். மேலே எழுதியதை எழுதாததாக வைத்துக்கொள்ளுங்கள். விடிந்ததும் பழம் பறித்து, அந்த ஆமை முகத்தைப் பார்க்காமல் விற்று, மனையை வாங்கிவிட்டேன். வாங்கி, வேலி போட்டு, பெருமையோடு இடப்பக்கம் திரும்பினால் நூஹாவின் வீடு இல்லை. பெஞ்சு இருந்த இடத்தில் புல் முளைத்திருக்கிறது. பதறிப்போய்ப் போன் செய்தேன்.

"கோவிச்சுக்காதீங்க பாட்டி. வீட்டைக் கடலுக்கு அந்தப் பக்கம் குட்டித் தீவுக்கு மாத்திட்டேன். டியூட்டி முடிச்சு ஒரு காபி குடிக்கிற நேரம் சும்மா உக்காரலாம்னு வந்தா, வாசல்ல ஒரு பாட்டி ஆடுறீங்க, இன்னொரு பாட்டி கைதட்டுறாங்க. எங்க எமர்ஜென்சி வார்டே பரவாயில்ல."

"அங்க எப்படிம்மா வர்றது?"

"பாலம் கட்டணும். எக்கச்சக்கமா காசு ஆகும். அதான் அங்க போனேன்."

அழவில்லை, கணக்குப் போட்டேன். பாலத்தின் விலை என் தோப்பு ஒன்றால் ஆகாது, உங்கள் தோப்பு ஒன்றாலும் ஆகாது. என் மாதுளை உங்கள் ஆமைக்கு, உங்கள் பேரிக்காய் என் ஆமைக்கு என்றால், நோன்புப் பெருநாளுக்கு முன் பாலம் எழும்பிவிடும். என் மனையை விற்கச் சம்மதம். நீங்கள் எடுத்துப்போன மாதுளையை முதல் தவணையாக வைத்துக்கொள்கிறேன். நாளை லுஹர் தொழுகைக்குப் பின் பேரிக்காயோடு வாருங்கள், பெரிய கூடையாகவே கொண்டுவாருங்கள். நூஹாவிடம் மட்டும் மூச்சு விடாதீர்கள். நாம் இருவரும் ஒன்று சேர்ந்துவிட்டோம் என்று தெரிந்தால், அவள் அதைவிடத் தூரத்துத் தீவுக்குப் போய்விடுவாள்.