செக்கர் எண்ணிய கோழிகள்

காவிரிக்கு இந்தக் கரையிலும் சரி, அந்தக் கரையிலும் சரி, செக்கரைப் போல ஒரு சந்தேகப் பிராணி இனிமேல் பிறக்கப்போவதில்லை. முசிறி பஸ்ஸில் டிக்கெட் பரிசோதகராக இருந்து ஓய்வு பெற்றவர். சொந்தப் பெயர் யாருக்கும் தெரியாது. லால்குடியில் ஒரு கல்யாணப் பந்தியில் இலை இலையாக ஆளை எண்ணிக்கொண்டு போனவர், மாப்பிள்ளையிடமே நின்று, "நீங்க எந்த வீட்டுப் பக்கம்?" என்று கேட்டார். அந்தக் கல்யாணத்து மோர்க்குழம்பு இருக்கிறதே... சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

மன்னார்புரத்தில் என் டீக்கடைக்கு மேல்மாடியில் செல்வி என்ற பெண் கம்ப்யூட்டர் விளையாட்டு நிலையம் நடத்துகிறாள். நான் மூன்றாம் வகுப்பைத் தாண்டாதவன். மாடிக்கு டீ கொண்டுபோய்த் தெரிந்துகொண்டதுதான் எல்லாம். சதுரக் கட்டைகளை அடுக்கி ஊரையே கட்டுகிற விளையாட்டு ஒன்று உண்டு. ஜாவா என்ற கம்ப்யூட்டர் பாஷையில் எழுதியதாம். செல்வி அதில் ஏழு மாதமாக ஸ்ரீரங்கத்தைக் கட்டியிருந்தாள். கோபுரம், வீதி, மாடு, பூக்கடை, எதையும் விடவில்லை.

ஏதோ ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டுக் கண்காட்சிக்கு அவள் ஊரைத் தேர்ந்தெடுக்கலாமா என்று பார்க்க அன்று நான்கு மணிக்கு ஆட்கள் வருகிறார்கள். காலையிலிருந்து ஊர் திக்கித் திக்கி ஓடுகிறது. மாடு ஒரு கால் தூக்கினால் அடுத்த கால் வைப்பதற்குள் நான் இரண்டு டீ ஆற்றிவிடலாம். விளையாட்டுக்கு ரேம் என்கிற நினைவகத்தைக் கூட்டிக் கொடுத்துப் பார்த்தாள். ஜாவாவைப் புதுசாகப் போட்டுப் பார்த்தாள். ஒன்றும் நடக்கவில்லை. வந்த மெக்கானிக் கையை விரித்துவிட்டான்.

"ஊரு பெருசாயிடுச்சுக்கா. பாதிய அழிச்சாத்தான் ஓடும்."

செல்வி முகம் செத்துப்போனது. கடைக்கு டீ குடிக்க வந்து, என்னோடு மாடியேறியிருந்த செக்கர் திரையை எட்டிப் பார்த்தார்.

"ஏம்மா, வண்டியில மொத்தம் எத்தன பேரு?"

"வண்டி இல்ல சார், இது கேமு."

"எதுவா வேணா இருக்கட்டும். உசுரோட நடமாடுறது எத்தன?"

மெக்கானிக் சிரித்தான். செல்வி ஒரு பொத்தானை அழுத்தினாள். திரையின் ஓரத்தில் பொடி எழுத்தாகக் கணக்கு ஓடியது.

"ரெண்டாயிரத்துச் சொச்சம் காட்டுது சார்!"

"தெருவுல என் கண்ணுக்குத் தெரியிறது முப்பது. மிச்சப் பேரு எங்க ஒளிஞ்சிருக்கான்? தேடும்மா!"

தெருத் தெருவாகத் தேடினார்கள். வடக்குச் சித்திரை வீதிக்கு அடியில் ஒரு பள்ளம். எப்போதோ முட்டையிலிருந்து தானாகக் குஞ்சு பொரிக்க ஒரு பொறி செய்து பார்த்துவிட்டு, நிறுத்த மறந்து மேலே வீதியைப் போட்டிருக்கிறாள். உள்ளே கோழி மேல் கோழி.

"ரங்கநாதா! சித்திரை வீதிக்குக் கீழ கோழிப் பண்ணையா!" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார் செக்கர். "எல்லாத்தையும் எறக்கி விடும்மா. டிக்கெட் இல்லாத கூட்டம்."

செல்வி ஒரு கட்டளை தட்டினாள். கோழிகள் மாயமாயின. மாடு நாலு காலிலும் ஜம்மென்று நடந்தது. மெக்கானிக் ஸ்குரூ டிரைவரைப் பையில் போட்டுக்கொண்டு, "வரேங்க" என்றான்.

நான்கு மணிக்கு வந்தவர்கள் கோபுரத்தைச் சுற்றிச் சுற்றி வந்தார்கள். எங்கேயும் திக்கவில்லை. செல்வியின் ஊர் முழுசாகத் தேர்வானது. மாடியே விசிலடித்தது. விளையாட வந்திருந்தவர்கள் எல்லோரும் எழுந்து செக்கருக்கு நாற்காலிகளை இழுத்துப் போட்டு, "சார், இங்க உக்காருங்க", "இல்ல சார், இங்க" என்றார்கள்.

வாழ்நாள் முழுக்க அந்த மனுஷர் பஸ்ஸில் ஏறியதும் ஜனங்கள் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொள்வதுதான் அவருக்குப் பழக்கம். உட்காரத் தெரியாமல் நின்றுகொண்டே இருந்தார். நான்தான் தோளைப் பிடித்து உட்கார வைத்தேன்.