'சரி' மாமாவும் அழுகிற பூனையும்

ஒரு பட்டனின் மனதைக்கூட நோகடிக்காத மனிதர் இந்த உலகத்தில் உண்டென்றால், அவர் எங்கள் 'சரி' மாமாதான். கடலூரிலிருந்து சிதம்பரம் போகும் காலைப் பேருந்தில் என் பக்கத்து இருக்கை அவருடையது. சிதம்பரத்தில் மோட்டார் காயில் கட்டும் கடை வைத்திருந்தார்.

போன் என்ன கேட்டாலும் 'சரி'யை அமுக்கிவிடுவார். "எம்மாம் பெருசா, பச்சக் கலர்ல வச்சிக் கேக்கறான். மாட்டேன்னு எப்பிடி மாப்ள சொல்றது?" 'வேண்டாம்' என்பதோ மூலையில், சாம்பல் நிறத்தில், எறும்பு அளவில் கிடக்கும். இப்படியே எங்கோ ஒரு தேசத்தின் பனி நிலவரம் அவருக்குத் தினமும் வந்தது. கல்யாணமாகிப் பல வருஷமானவருக்கு வரன்களும் வந்தன.

கடைசியில் போனுக்குள் ஒரு பூனை வந்தது. ஜப்பான் பாஷை சொல்லித்தரும் பூனை. ஒருநாள் படிக்காவிட்டால் மூஞ்சியைத் தொங்கப்போட்டு அழும். ஆலப்பாக்கம் தாண்டினால் ஜன்னல் காற்றில் மாமா கண்ணை மூடிக்கொண்டு, கனவில் பேசுகிறவர்போல ஜப்பான் பாஷையை முணுமுணுப்பார்.

"இன்னாண்ணே, டிக்கெட்டு சிதம்பரத்துக்கா, ஜப்பானுக்கா?" என்பார் கண்டக்டர்.

வீட்டில் சோறு ஆறிப்போகும், பாடம் முடியாது. மாமாவின் மனைவி செல்வி அத்தை ஒருநாள் கிளம்பி, சிதம்பரத்திலுள்ள அம்மா வீட்டுக்குப் போய்விட்டார். "பூன மூஞ்சி தொங்குனா பதறுறீங்க, எம்மூஞ்சி தொங்கறது தெரியுதா? அது போனாத்தான் நான் வருவேன்!"

மறுநாள் பேருந்திலேயே மாமா பூனையை அழிக்கப் பார்த்தார். 'என்னை விட்டுப் போகிறீர்களா?' என்றது திரை. பூனையின் கண்ணில் நீர். கீழே ஆரஞ்சு நிறத்தில் பெரிதாக 'போகவில்லை'. அதற்கடியில், எறும்பு அளவில், 'அழி'. மாமாவின் விரல் எறும்பை நோக்கிப் புறப்படும். பாதி வழியில் ஆரஞ்சில் இறங்கிவிடும். வெள்ளாற்றுப் பாலம் வரைக்கும் இதே கதை.

"வெரலு கேக்க மாட்டேங்குது மாப்ள."

"நான் அமுக்கட்டா மாமா?"

"சே, பாவம்! நீ எங்கூட வா. தனியா போனா கதவத் தொறக்க மாட்டா."

போனோம். அத்தை வாசலிலேயே போனைப் பிடுங்கினார். "குடுங்க, நான் தொலச்சிக் கட்டறேன்." திரையைப் பார்த்தார். பூனையும் அவரைப் பார்த்தது. அத்தையின் கட்டைவிரல் அந்தரத்தில் நின்று, காற்றில்லாத நாளில் பஞ்சு இறங்குவதுபோல மெல்ல மெல்ல ஆரஞ்சில் போய் உட்கார்ந்தது.

அத்தை சிரித்துவிட்டார். "எப்பிடிப் பாக்குது பாருங்க..."

"அதத்தான நானும் சொன்னேன்!"

"சரி, சாப்ட்டீங்களா?"

"இல்ல," என்றார் மாமா. அவர் சொல்லி நான் கேட்ட முதல் 'இல்லை' அதுதான்.

இப்போது கடைக்குப் பக்கத்திலேயே குடிபோய்விட்டார்கள். சாப்பிட்டு முடித்து இரண்டு பேரும் சேர்ந்து படிக்கிறார்களாம்.

மாமா பேருந்தில் வருவதில்லை. பக்கத்து இருக்கையில் என் பைதான் உட்கார்ந்து வருகிறது. "இங்க ஆளு வருதா?" என்று யாராவது கேட்டால், என் வாயும் என் பேச்சைக் கேட்பதில்லை. "வருது" என்றுவிடுகிறது.